அலிச்சா: எத்தியோப்பியாவின் காரமற்ற காய்கறிக் குழம்பு

அலிச்சா என்பது எத்தியோப்பியாவிலும் எரித்திரியாவிலும் அன்றாடம் சமைக்கப்படும் காரமற்ற குழம்பு வகையாகும். எத்தியோப்பிய உணவு என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது மிளகாய்த் தூள் மணக்கும் சிவப்புக் குழம்புதான். அலிச்சா அதற்கு நேர்மாறானது. மஞ்சளால் நிறமும், வெங்காயம், பூண்டு, இஞ்சி ஆகியவற்றால் சுவையும் பெறுவது. ஆட்டிறைச்சி, கோழி, பருப்பு, காய்கறி என எதைக் கொண்டும் இதைச் செய்வர். முட்டைக்கோசு, கேரட், உருளைக்கிழங்கு ஆகிய மூன்றும் சேர்ந்த காய்கறி அலிச்சா, நோன்பு நாள்களில் பெரும்பாலான வீடுகளில் இடம்பெறுவது. இதற்கு வேண்டிய பொருள்கள் யாவும் தமிழ்நாட்டு அங்காடிகளில் கிடைப்பவையே. ஆனாலும் அவற்றை வைத்து வழக்கமான கைப்பழக்கத்தில் சமைத்தால் கிடைப்பது கூட்டாகவோ குருமாவாகவோ இருக்குமே தவிர அலிச்சாவாக இருக்காது. வேறுபாடு பொருள்களில் இல்லை; அவற்றைச் சேர்க்கும் வரிசையில் இருக்கிறது.

பெயரும் பொருளும்

எத்தியோப்பியாவின் முதன்மை மொழியான அம்காரியத்தில் குழம்பைப் பொதுவாக 'வொட்' என்பர். எரித்திரியாவில் பேசப்படும் திக்ரிஞா மொழியில் அதற்கு 'ட்செப்ஹி' என்று பெயர். வொட் இரு பெரும் பிரிவாகும். 'பெர்பெரே' என்ற மிளகாய் மசாலாத் தூள் சேர்ந்தது 'கெய் வொட்', அதாவது சிவப்புக் குழம்பு. அத்தூள் சேராதது அலிச்சா.

அலிச்சா என்ற சொல்லுக்கு அம்காரியத்தில் 'சப்பென்று இருப்பது', 'உறைப்பில்லாதது' என்பது நேர்ப்பொருள். மத்தேயு நற்செய்தியில் உவர்ப்பை இழந்துபோன உப்பைப் பற்றி வரும் இடத்தில் அம்காரிய விவிலியம் இதே சொல்லைத்தான் ஆள்கிறது. ஒரு குழம்புக்கு இது சற்றுக் கொடுமையான பெயர்தான். பெர்பெரே இல்லாத குறையைச் சுட்டும் பெயரே தவிர, சுவையே இல்லை என்பதல்ல அதன் கருத்து. நன்றாகச் செய்த அலிச்சாவில் வெங்காயத்தின் இனிப்பும், இஞ்சியின் மெல்லிய உறைப்பும், முட்டைக்கோசின் மணமும் தனித்தனியே தெரியும். மிளகாய் மிகுந்த குழம்பில் சமையற்காரரின் பிழைகள் மறைந்துவிடும். அலிச்சாவில் அவை மறைவதற்கு இடமில்லை.

மிளகாய் அமெரிக்கக் கண்டங்களைச் சேர்ந்த பயிர். கொலம்பசின் பயணங்களுக்குப் பிறகே அது ஆப்பிரிக்காவுக்கும் ஆசியாவுக்கும் வந்தது. ஆகவே பெர்பெரே கொண்டு சிவக்கும் வொட் இன்றுள்ள வடிவில் அதற்குப் பிற்பட்டதாகவே இருக்க முடியும். அதற்கு முன் எத்தியோப்பியக் குழம்புகளின் காரம் மிளகு, திப்பிலி, இஞ்சி போன்றவற்றிலிருந்து வந்திருக்க வேண்டும். மிளகாய்க்கு முந்தைய தமிழ்ச் சமையலை எண்ணிப் பார்ப்பவர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது.

காய்கறி வகையை 'அத்கில்ட் அலிச்சா' அல்லது 'அத்கில்ட் வொட்' என்பர். 'அத்கில்ட்' என்றால் காய்கறி. தலைநகர் அடிஸ் அபாபாவின் பியாசா பகுதியில் நெடுங்காலம் இயங்கிவந்த காய்கறிச் சந்தையின் பெயரே 'அத்கில்ட் தெரா' என்பதுதான். முட்டைக்கோசு மட்டும் மிகுதியாக இருந்தால் 'திகில் கோமென்' என்ற பெயரிலும் பரிமாறுவர். 'கோமென்' என்பது கீரை. 'திகில் கோமென்' என்றால் உருண்டையாகச் சுருண்ட கீரை. முட்டைக்கோசுக்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் கிடைப்பது அரிது.

நோன்பும் காய்கறிக் குழம்பும்

இக்குழம்பின் இடத்தைப் புரிந்துகொள்ள எத்தியோப்பியாவின் நோன்பு வழக்கத்தை அறிந்திருக்க வேண்டும். 2007ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அந்நாட்டு மக்களில் 43 விழுக்காட்டினருக்குச் சற்று மேற்பட்டோர் எத்தியோப்பிய மரபுவழித் தெவாகிதோ திருச்சபையைச் சேர்ந்தவர்கள். அத்திருச்சபையின் நோன்பு விதிகள் கிறித்தவ உலகிலேயே மிகக் கடுமையானவற்றுள் அடங்கும். உயிர்த்த ஞாயிறுக்குப் பின்வரும் 50 நாள்கள் நீங்கலாக, ஆண்டு முழுவதும் புதனும் வெள்ளியும் நோன்பு நாள்கள். உயிர்த்த ஞாயிறுக்கு முன் வரும் பெருநோன்பு 55 நாள் நீள்வது. கிறித்து பிறப்புக்கு முன்னரும், ஆகஸ்டு மாதத்தில் அன்னை மரியாளின் நினைவாகவும் தனித்தனி நோன்புகள் உண்டு. எல்லாம் சேர்த்துப் பொதுமக்களுக்கு ஏறத்தாழ 180 நாள்கள். குருமாருக்கும் துறவியருக்கும் 250 நாள் வரை போகும்.

நோன்பு நாளில் இறைச்சி, முட்டை மட்டுமல்ல. பால், தயிர், வெண்ணெய், நெய் எதுவும் கூடாது. தமிழ்நாட்டில் 'சைவம்' என்றால் பாலும் நெய்யும் அதில் அடங்கும். எத்தியோப்பியாவின் நோன்பு உணவில் அவையும் விலக்கு. அத்துடன், வழக்கப்படி நண்பகலோ பிற்பகல் மூன்று மணியோ ஆகும் வரை எதையும் உண்ணாமல் இருப்போர் பலர். வெறும் வயிற்றோடு பாதி நாளைக் கழித்தவர் முன் வைக்கப்படும் முதல் உணவு இது என்பதை மனத்தில் கொள்ள வேண்டும். ஆண்டில் பாதி நாள், விலங்குக் கொழுப்பின் உதவி சிறிதுமின்றி, காயையும் பருப்பையும் எண்ணெயையும் மட்டும் கொண்டு, மனம் நிறையும்படி சமைத்தாக வேண்டிய தேவை அந்நாட்டுப் பெண்களுக்குத் தலைமுறை தலைமுறையாக இருந்து வந்திருக்கிறது. அலிச்சாவின் நுணுக்கங்கள் அத்தேவையிலிருந்து பிறந்தவை.

நோன்பு நாள்களில் எத்தியோப்பிய உணவகங்களில் 'பெயாய்நெட்டு' என்ற பல்வகைத் தட்டு கிடைக்கும். பெரிய இன்ஜெரா அப்பத்தின் மேல் ஏழெட்டு வகை குழம்பும் பொரியலும் சிறு சிறு குவியலாக வைக்கப்பட்டிருக்கும். அதில் மைசூர்ப் பருப்பில் செய்த சிவப்பு 'மிசிர் வொட்' நாக்கைச் சுடும். பக்கத்தில் இருக்கும் மஞ்சள் அலிச்சா அதை ஆற்றும். ஒரே தட்டில் இரண்டும் இருக்க வேண்டியதன் காரணம் இதுவே. சிறுவர்களுக்கும் முதியவர்களுக்கும் காரம் ஒவ்வாதவர்களுக்கும் அலிச்சா மட்டுமே தனியாகக் கொடுப்பதும் உண்டு.

காய்கள் வந்த வழி

இக்குழம்பின் மூன்று காய்களுமே எத்தியோப்பியாவுக்கு வெளியிலிருந்து வந்தவை. உருளைக்கிழங்கு தென்னமெரிக்காவின் ஆண்டீசு மலைப் பயிர். அது 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், அங்கு வாழ்ந்த செருமானிய தாவரவியலாளர் வில்லெம் சிம்பர் வழியாக எத்தியோப்பியாவுக்கு அறிமுகமானதாகக் கூறப்படுகிறது. அதற்கு முன்பே அங்கு நாட்டுக் கிழங்கு ஒன்று இருந்தது. இன்று 'ஒரோமோ தினிச்' என்று அழைக்கப்படும் அது, தமிழகத்திலும் கேரளத்திலும் விளையும் சிறுகிழங்கின் நெருங்கிய உறவு. 'தினிச்' என்ற சொல்லே இப்போது உருளைக்கிழங்கைக் குறிக்கிறது.

முட்டைக்கோசுக்கு முன் அங்கு உண்ணப்பட்டதும், இன்றும் உண்ணப்படுவதும் 'கோமென்' எனும் கீரை. கடுகின் இனத்தைச் சேர்ந்த இது எத்தியோப்பிய மேட்டுநிலத்திலேயே பயிராக்கப்பட்டது. மஞ்சளோ தெற்காசியாவைச் சேர்ந்தது. அங்கு அதற்கு 'இர்ட்' என்று பெயர். இப்போது நாட்டின் தென்மேற்கு மழைப்பகுதிகளில் நன்றாகவே விளைகிறது.

இஞ்சியை அம்காரியத்தில் 'ஸிஞ்சிபில்' என்பர். அரபு மொழியின் 'ஸன்ஜபீல்' என்ற சொல்லிலிருந்து வந்தது அது. அச்சொல்லைப் பின்னோக்கித் தொடர்ந்து சென்றால் பாலி, பிராகிருத மொழிகள் வழியாக 'இஞ்சி' என்ற திராவிடச் சொல்லில் போய் நிற்கும் என்பது மொழியியலாளர் பலரின் முடிவு. தமிழ் வாசகர் இக்குழம்பில் உரிமையோடு சுட்டிக்காட்டக்கூடிய பொருள் ஒன்று உண்டு என்றால் அது இஞ்சிதான்.

வெறும் சட்டியில் வெங்காயம்

அலிச்சாவின் உயிர் வெங்காயத்தில் இருக்கிறது. தமிழ்ச் சமையலில் சட்டி காய்ந்ததும் எண்ணெய் விட்டு, கடுகு வெடித்ததும் வெங்காயத்தைப் போடுவது வழக்கம். எத்தியோப்பியச் சமையலில் முதலில் எண்ணெய் கிடையாது. பொடியாக நறுக்கிய வெங்காயத்தை வெறும் சட்டியில் போட்டு, மெல்லிய தீயில், கிளறிக்கொண்டே இருப்பர். ஒட்டத் தொடங்கினால் ஒரு கரண்டி தண்ணீர் தெளிப்பர். வெங்காயம் குழைந்து, பாதியளவாகச் சுருங்கிய பிறகுதான் எண்ணெய் உள்ளே போகும். சிவப்பு வொட் வகைகளிலும் தொடக்கம் இதுவே. ஆனால் அங்கு வெங்காயம் பழுப்பேறும் வரை போகலாம். அலிச்சாவில் நிறம் மாறக் கூடாது.

இதன் காரணம் எளிய அறிவியல்தான். வெங்காயத்தின் எடையில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு நீர். எண்ணெய் இல்லாதபோது அந்நீரே ஆவியாகி வெங்காயத்தை வேகவைக்கிறது. நீர் இருக்கும் வரை சட்டியில் உள்ள வெங்காயத்தின் வெப்பம் 100 பாகை செல்சியசைத் தாண்டிப் பெரிதாக ஏறாது. எனவே நிறம் மாறாமல், உட்புறம் வரை சீராக மென்மையாகும். பச்சை வாடைக்கும் கண் எரிச்சலுக்கும் காரணமான கந்தகச் சேர்மங்கள் ஆவியோடு வெளியேறி, வெங்காயத்தில் இயல்பாக உள்ள இனிப்பு மேலோங்கும். மாறாக, சூடான எண்ணெயில் போட்டால் வெளிப்பரப்பில் உள்ள நீர் விரைவில் வற்றி, அங்கு வெப்பம் 100 பாகைக்கு மேல் ஏறும். ஓரம் சிவக்கும், உள்ளே இன்னும் நறுக்கென்றிருக்கும். குருமாவுக்கு அந்தச் சிவந்த மணம் வேண்டும். அலிச்சாவுக்கு அது வேண்டாம்.

இன்னொரு பயனும் உண்டு. இப்படிக் குழைந்த வெங்காயம் குழம்பில் கரைந்து, அதற்கு ஒரு கெட்டித்தன்மையைத் தருகிறது. தேங்காய் அரைத்து விடுவதோ, அரிசி மாவு கரைத்து ஊற்றுவதோ, பொட்டுக்கடலை சேர்ப்பதோ தேவையில்லை.

இதற்கு அரை கிலோ வெங்காயம் என்றால் பதினைந்து நிமிடம், கால் கிலோ என்றால் எட்டு முதல் பத்து நிமிடம் பிடிக்கும். அலிச்சா 'சப்பென்று' ஆகிவிடுவது பெரும்பாலும் இந்தப் பத்து நிமிடத்தை மூன்று நிமிடமாகச் சுருக்குவதால்தான். அடி கனமான பாத்திரம் வேண்டும். எத்தியோப்பிய ஊர்ப்புறங்களில் மண்சட்டியைப் பயன்படுத்துவர். நன்கு பழகிய மண்சட்டி உள்ளவர்கள் அதையே எடுத்துக்கொள்ளலாம். மெல்லிய அலுமினியப் பாத்திரத்தில் வெங்காயம் அடிபிடித்துவிடும்.

வெங்காயத்தின் வகையும் பொருட்படுத்தத்தக்கது. எத்தியோப்பியாவில் மரபாகப் பயிராகிவந்தது சின்ன வெங்காய இனத்தைச் சேர்ந்தது. தோல் உரிக்கும் பொறுமை உள்ளவர்கள் சின்ன வெங்காயத்தைப் பயன்படுத்தினால் சுவை மூலத்துக்கு நெருங்கும். பெரிய வெங்காயம் போதுமானதே. அங்குள்ள நகர்ப்புற வீடுகளிலும் இப்போது அதுவே பெருவழக்கு.

எண்ணெயும் மணப்பொருள்களும்

நோன்பு இல்லாத நாளில் அலிச்சாவுக்கு 'நிட்டர் கிபே' என்ற மணமூட்டிய நெய்யைச் சேர்ப்பர். வெண்ணெயை உருக்கும்போதே வெந்தயம், மஞ்சள், ஏலக்காய் இனத்தைச் சேர்ந்த 'கொராரிமா', 'பெசோபெலா' எனும் துளசி வகை, 'கொசெரெட்' என்ற மணமிக்க இலை ஆகியவற்றை இட்டுக் காய்ச்சி வடிகட்டுவது அது. தமிழ்நாட்டில் வெண்ணெய் உருக்கும்போது முருங்கைக் கீரையோ கறிவேப்பிலையோ போடுவது போன்ற பழக்கம். ஆனால் மணப்பொருள்கள் அங்கு பன்மடங்கு.

நோன்பு நாளில் எண்ணெய் மட்டுமே. மரபான எண்ணெய் 'நூக்' என்ற விதையிலிருந்து எடுக்கப்படுவது. தமிழில் பேயெள் எனப்படும் இவ்விதை எத்தியோப்பியாவைத் தாயகமாகக் கொண்டது. இந்தியாவில் மத்தியப் பிரதேசம், ஒடிசா போன்ற மாநிலங்களின் மலைப்பகுதிகளிலும் பயிராகிறது. கொட்டையைப் போன்ற மெல்லிய மணம் கொண்டது. அது கிடைக்காதபோது கடலை எண்ணெயோ சூரியகாந்தி எண்ணெயோ ஏற்றது. செக்கு நல்லெண்ணெயின் மணம் மற்றவற்றை அமுக்கிவிடும். தேங்காய் எண்ணெய் ஊற்றினால் நாக்கு அவியலை எதிர்பார்க்கத் தொடங்கிவிடும்.

கொராரிமா எத்தியோப்பியாவின் தென்மேற்குக் காடுகளில் விளைவது. இந்தியக் கடைகளில் எளிதில் கிடைப்பதில்லை. அதற்கு மாற்றாகச் சிறிது ஏலக்காய்த் தூளும் அதைவிடச் சிறிது சாதிக்காய்த் தூளும் சேர்க்கலாம். சேர்க்காமல் விட்டாலும் காய்கறி அலிச்சாவுக்குப் பெரிய குறை இல்லை. வெளிநாடுகளில் எழுதப்பட்ட சமையல் குறிப்புகள் பலவற்றில் சீரகத் தூளும் மிளகுத் தூளும் காணப்படும். கால் தேக்கரண்டிக்கு மேல் போனால் சீரகம் குழம்பை வேறு நாட்டுக்குக் கொண்டு போய்விடும். கடுகு, கறிவேப்பிலை, பெருங்காயம், தேங்காய், புளி ஐந்தும் இங்கு கட்டாயம் விலக்கு. தக்காளியும் பொதுவாகச் சேர்ப்பதில்லை; அதன் புளிப்பு உருளைக்கிழங்கு மென்மையாவதைத் தாமதப்படுத்தும்.

செய்முறை

நான்கு பேருக்கு வேண்டிய அளவு: வெங்காயம் கால் கிலோ, கேரட் கால் கிலோ, உருளைக்கிழங்கு 350 கிராம், முட்டைக்கோசு அரை கிலோ. பூண்டு ஆறு பல்லும் ஒரு அங்குல நீள இஞ்சியும் நசுக்கி வைத்துக்கொள்ள வேண்டும். எண்ணெய் நான்கு மேசைக்கரண்டி, மஞ்சள் தூள் முக்கால் தேக்கரண்டி, உப்பு ஒன்றேகால் தேக்கரண்டி, பச்சை மிளகாய் இரண்டு. நான்கு மேசைக்கரண்டி எண்ணெய் கூடுதலாகத் தோன்றலாம். பாலும் நெய்யும் தேங்காயும் இல்லாத குழம்பில் கொழுப்பு என்பது இது ஒன்றே என்பதால் பாதியாகக் குறைத்தால் சுவை வறண்டுவிடும். மூன்றாகக் குறைக்கலாம்.

காய்களைச் சிறிதாக நறுக்கக் கூடாது. பொரியலுக்கு நறுக்குவது போல் நறுக்கினால் எல்லாம் கூழாகும். கேரட்டை விரல் நீளத் துண்டுகளாகவும், உருளைக்கிழங்கை நீளவாக்கில் ஆறு கீற்றாகவும், முட்டைக்கோசை இரண்டு விரல் அகலச் சதுரங்களாகவும் வெட்ட வேண்டும். தண்டுப் பகுதியைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. மெல்லியதாகச் சீவிக் கேரட்டோடு போட்டுவிடலாம்.

மேலே சொன்னபடி வெங்காயத்தை வெறும் சட்டியில், ஒரு சிட்டிகை உப்போடு, பத்து நிமிடம் வதக்க வேண்டும். கண்ணாடி போல் தெளிந்து, கரண்டியால் அழுத்தினால் நசுங்கும் பதம் வந்ததும் எண்ணெய் ஊற்றலாம். எண்ணெய் கலந்து சூடேறியதும் பூண்டும் இஞ்சியும். இரண்டு நிமிடத்தில் பச்சை வாடை போய்விடும். அடுத்து மஞ்சள் தூள். மஞ்சளின் நிறப்பொருள் தண்ணீரில் கரையாது, கொழுப்பில் கரையும். ஆகவே தண்ணீர் ஊற்றும் முன்பே அதை எண்ணெயில் ஒரு நிமிடம் புரட்டினால்தான் குழம்பு முழுதும் ஒரே பொன்னிறமாக இருக்கும். மஞ்சளின் மண் வாடையும் நீங்கும். தீ கூடினால் மஞ்சள் கருகிக் கசந்துவிடும் என்பதால் இந்த ஒரு நிமிடமும் அடுப்பை விட்டு நகரக் கூடாது.

முதலில் கேரட்டைப் போட்டு ஐந்து நிமிடம் புரட்டி, பிறகு உருளைக்கிழங்கு, மீதி உப்பு, அரை கோப்பை தண்ணீர் சேர்த்து மூடி, பத்து நிமிடம் மெல்லிய தீயில் வேகவிட வேண்டும். உருளைக்கிழங்கு முக்கால் பதம் வெந்திருக்கும்போது முட்டைக்கோசை மேலே பரப்பி, கிளறாமல் மீண்டும் மூட வேண்டும். சட்டி நிரம்பி வழிவது போல் தோன்றும். ஐந்தே நிமிடத்தில் முட்டைக்கோசு வாடி அடங்கிவிடும். அது விடும் நீரே போதும் என்பதால் இனித் தண்ணீர் ஊற்ற வேண்டாம். அடி தொடும்படி மெதுவாக ஒருமுறை புரட்டி, மேலும் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வைக்கலாம். கடைசி ஐந்து நிமிடத்தில் பச்சை மிளகாயை நீளவாக்கில் கீறி, விதை நீக்கிப் போடுவது வழக்கம். அது மணத்துக்காக மட்டும். குழந்தைகளுக்கான குழம்பில் அதையும் விட்டுவிடலாம்.

அடுப்பை அணைத்த பின் பத்து நிமிடம் மூடியே வைத்திருந்தால், சட்டியின் அடியில் இருக்கும் கொஞ்சநஞ்ச நீரையும் உருளைக்கிழங்கு இழுத்துக்கொள்ளும். முடிவில் இது தளர்ந்த குழம்பாக இருக்காது. காய்கள் தனித்தனியே நிற்க, அவற்றைச் சுற்றி மஞ்சள் நிற வெங்காயக் குழைவு ஒட்டியிருக்கும். கையால் எடுத்தால் சொட்டக் கூடாது.

நேரம் மிச்சமாகுமே என்று குக்கரில் வைப்பது நல்லதல்ல. முட்டைக்கோசை மிகையாக வேகவைத்தால் அதிலுள்ள கந்தகச் சேர்மங்கள் சிதைந்து, விடுதிச் சமையலறைகளில் வீசும் அந்தப் பழகிய வாடை எழும். மொத்த நேரமே முக்கால் மணிக்கு மேல் ஆகாத சமையலில் குக்கர் காப்பாற்றித் தரும் நேரமும் அதிகமில்லை.

பருப்பு அலிச்சாவும் ஓர் எச்சரிக்கையும்

காய்கறி அலிச்சாவின் இணைபிரியாத தோழன் 'கிக் அலிச்சா'. 'கிக்' என்றால் உடைத்த பருப்பு. மஞ்சள் பட்டாணிப் பருப்பை ஒரு மணி நேரம் ஊறவைத்து, தனியே முக்கால் பதம் வேகவைத்து, மேற்சொன்ன முறையில் வதக்கிய வெங்காயம், இஞ்சி, பூண்டு, மஞ்சள் கலவையில் சேர்த்துக் குழைய விட வேண்டும். நோன்புத் தட்டில் புரதம் தருவது இதுவும் மற்றப் பருப்பு வகைகளும்தான் என்பதால், காய்கறி அலிச்சாவைத் தனி உணவாகக் கொள்ளாமல் இதனோடு சேர்த்தே உண்பர். பருப்பு விரைவில் வேக வேண்டும் என்று சமையல் சோடா போடும் பழக்கம் உள்ளவர்கள் இங்கு அதைத் தவிர்க்க வேண்டும். காரம் பட்டால் மஞ்சள் செந்நிறமாக மாறும். பள்ளி ஆய்வகத்தில் மஞ்சள் தாளைக் கொண்டு செய்து காட்டும் அதே வேதிமாற்றம்.

பருப்பு வாங்கும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். எத்தியோப்பியாவில் 'குவாயா' என்றும் இந்தியாவில் கேசரிப் பருப்பு என்றும் அழைக்கப்படும் பயறு வறட்சியைத் தாங்கி வளர்வது, விலை குறைந்தது. அதில் ஒரு நரம்பு நச்சு உண்டு. எப்போதாவது சிறிதளவு உண்பதால் தீங்கில்லை. வேறு தானியம் இல்லாத வறட்சிக் காலத்தில், மாதக்கணக்கில் அதையே முதன்மை உணவாகக் கொண்டவர்களுக்குக் கால்கள் விறைத்து நடக்க முடியாமல் போகும். வந்த பின் அதைக் குணப்படுத்த முடியாது. எத்தியோப்பியாவின் வடமேற்கு மேட்டுநிலங்களில் இந்நோய் பலமுறை பெருமளவில் தாக்கியிருக்கிறது. பாதிக்கப்பட்டவர்களில் பெரும்பாலோர் வேறு பருப்பு வாங்க வழியில்லாத ஏழை உழவர்கள். இந்தியாவிலும் 1961 முதல் பல மாநிலங்களில் இதன் விற்பனை தடைசெய்யப்பட்டது. துவரம் பருப்பிலும் கடலைப் பருப்பிலும் கலப்படமாக வருவது உண்டு. மஞ்சள் பட்டாணிப் பருப்பு அரைக்கோளம் போல் உருண்டிருக்கும். கேசரிப் பருப்போ ஒரு பக்கம் சரிந்து, கோடரி முனை போல் கோணலாக இருக்கும். கையில் ஒரு பிடி எடுத்துப் பார்த்தாலே வேறுபாடு தெரியும்.

இன்ஜெராவோடு உண்ணும் முறை

அலிச்சாவைச் சோற்றில் பிசைந்து உண்பது எத்தியோப்பிய வழக்கமல்ல. 'இன்ஜெரா' என்ற புளித்த அப்பமே அதற்குத் தட்டும் கரண்டியும் உணவும். டெஃப் என்ற மிகச் சிறிய தானியத்தின் மாவை இரண்டு மூன்று நாள் புளிக்கவைத்து, 'மிதாட்' எனும் அகன்ற கல்லில் ஓரத்திலிருந்து நடுவை நோக்கிச் சுற்றி ஊற்றி, மூடி வேகவைப்பர். திருப்பிப் போடுவதில்லை. மேற்பரப்பில் தோன்றும் எண்ணற்ற துளைகளைக் 'கண்கள்' என்பர். கண் நிறைந்த இன்ஜெராவே நல்ல இன்ஜெரா. குழம்பை உறிஞ்சிக்கொள்வது அக்கண்களே.

டெஃப் தானியத்தை வெளிநாட்டுக்கு அனுப்ப எத்தியோப்பிய அரசு 2006இல் தடை விதித்தது. உள்நாட்டில் விலை ஏறி, மக்களின் அன்றாட உணவே எட்டாமல் போகும் என்ற அச்சமே அதற்குக் காரணம். பின்னர் தடை ஓரளவு தளர்த்தப்பட்டாலும் இந்தியாவில் டெஃப் மாவு எளிதாகவும் மலிவாகவும் கிடைப்பதில்லை. அதற்கு நெருங்கிய மாற்று, தமிழ் வீடுகளில் ஏற்கெனவே இருக்கும் கேழ்வரகு. கேழ்வரகும் டெஃப்பும் புல்லினத்தின் ஒரே துணைக்குடும்பத்தைச் சேர்ந்தவை. கேழ்வரகின் தாயகமும் கிழக்கு ஆப்பிரிக்க மேட்டுநிலமே. எத்தியோப்பியாவில் அதை 'டகுசா' என்பர். அதிலும் இன்ஜெரா சுடுவதுண்டு. நன்றாகப் புளித்த கேழ்வரகு மாவைச் சற்றுத் தளர்வாகக் கரைத்து, கல்லில் எண்ணெய் விடாமல், மூடிபோட்டு ஒரு பக்கம் மட்டும் வேகவைத்தால் ஓரளவு இன்ஜெராவின் புளிப்பும் மென்மையும் வரும். ஆப்பமும் பொருந்தும், ஆனால் தேங்காய்ப்பால் சேர்க்காமல். மஞ்சள் குழம்பின் இனிப்புக்கு அந்தப் புளிப்பு எதிர்நின்றால்தான் சுவை முழுமையாகும். அதனால்தான் சப்பாத்தியோடு அலிச்சா அவ்வளவாகச் சேர்வதில்லை.

'மெசோப்' எனப்படும், புல்லால் பின்னிய உயரமான கூடை மேசையைச் சுற்றி அமர்ந்து, ஒரே தட்டிலிருந்து அனைவரும் உண்பர். உண்ணும் முன் கை கழுவத் தண்ணீர் ஊற்றப்படும். வலக்கையால் இன்ஜெராவில் ஒரு துண்டைக் கிழித்து, குழம்பை அதில் பொதிந்து எடுக்க வேண்டும். விரல்களில் குழம்பு படாமல் எடுப்பது நயம். ஒருவர் தம் கையால் ஒரு கவளம் சுற்றி மற்றவர் வாயில் ஊட்டுவதைக் 'குர்ஷா' என்பர். விருந்தினர் அதை மறுப்பது மரியாதையாகாது. கவளம் பெரிதாக இருந்தால் அன்பும் பெரிது என்று பொருள் என்பதால், விருந்தினரின் வாய் கொள்ளாத அளவுக்கு ஊட்டி மகிழ்வாரும் உண்டு.

மீந்த அலிச்சாவை மறுநாள் அப்படியே சூடாக்கி உண்பதைவிட, மீந்த இன்ஜெராவைப் பிய்த்துப் போட்டு, கொஞ்சம் தண்ணீர் தெளித்துக் கிளறி 'ஃபிர்ஃபிர்' ஆக்குவதே அங்குள்ள காலை உணவு வழக்கம். மீந்த இட்லியை உதிர்த்து உப்புமா செய்பவர்களுக்கு இந்தச் சிக்கனம் புரியும். உருளைக்கிழங்கு சேர்ந்த குழம்பு வெயில் காலத்தில் இரவு தாங்காது என்பதால், ஆறியதும் குளிர்பெட்டியில் வைத்து மறுநாளுக்குள் முடித்துவிட வேண்டும்.